சாவுக்கொட்டா பறை?

பறை யாது என்று அம்பத்தூரில் நாம் பாடம் நடத்தும் வகுப்பில் வினவினோம். "சாவுக்கு அடிப்பது!" என்றான் ஒருவன். வகுப்பே நகைத்தது, கடைசி வரிசையில் ஒரு மாணவன் மட்டும் தலைகுனிந்தான்.

நிலத்தின் கருப்பொருள்களுள் ஒன்றெனத் தொல்காப்பியம் எண்ணிய பறைக்கு இவ்விழிவு வந்தது எங்ஙனம்? தோலாலா? மாட்டுத்தோல் போர்த்த மிருதங்கம் சபையேறவில்லையா? இழவு வீட்டில் அடிப்பதைப் பிறப்பின் கடனாக்கி, ஒடுக்கப்பட்டோர் தோளில் மாட்டியது சாதி! அதனாலேயே பறையைத் தொடமாட்டோம் என்று உதறியெறிந்தோரும் உண்டு. அவர்தம் சினம் நேரியது.

அமெரிக்க இசையாய்வாளர் சோயி ஷெரினியன் 2011-இல் வெளியிட்ட ஆவணப்படமோ, பறையை இசையென்று தலைப்பிலேயே அறைந்தது. அவரது பிந்தைய படத்தில், திண்டுக்கல் சக்தி கலைக்குழுவின் தலித் பெண்கள் பறையேந்தி ஆடக் காண்கிறோம். கடமைக்கு அடித்த கையும் உரிமையோடு அடிக்கும் கையும் ஒன்றா? 2025-இல் பறைக் கலைஞர் வேலு ஆசானுக்குப் பத்மஸ்ரீ விருதும் அறிவிக்கப்பட்டது. அப்படங்களை நம் வகுப்பில் காட்ட இருக்கிறோம்.