எடை குறைந்ததா அந்தச் சக்கரம்?

ஈர்ப்பு விசையை மீறும் சக்கரத்தை 1974-இல் பிபிசி தொலைக்காட்சி காட்டியதாகவும், அறிவியல் உலகம் அதை மூடி மறைத்ததாகவும் ஒரு கதை உலவுகிறது. கதாநாயகர் எரிக் லெய்த்வெயிட். லண்டன் இம்பீரியல் கல்லூரிப் பேராசிரியர், நேரியல் மின்மோட்டாரின் முன்னோடி. கதையில் உண்மை எவ்வளவு என்று தேடினேன்.

முதல் முடிச்சு ஆண்டிலேயே இருந்தது. 1974-இல் லண்டன் ராயல் இன்ஸ்டிட்யூஷனில் அவர் இரு முறை பேசியிருக்கிறார். நவம்பரில் 'டிஸ்கோர்ஸ்' எனப்படும் வெள்ளிக்கிழமை மாலைப் பேருரை. உறுப்பினர்களும் விருந்தினர்களும் கூடும் அவை அது. ஆண்டிறுதியில் இளையோருக்கான கிறிஸ்துமஸ் உரைகள். தொலைக்காட்சிக்குப் போனவை இவை. கதை இரண்டையும் ஒன்றாக்கிவிட்டது.

நவம்பர் உரையில்தான் ஜைரோஸ்கோப், அதாவது வேகமாகச் சுழலும் கனத்த சக்கரம், நியூட்டனின் விதிகளுக்கு அடங்கவில்லை என்ற பொருளில் அவர் பேசினார். வழக்கமாகப் பேருரைகளை அச்சிடும் நிறுவனத்தின் நடவடிக்கை ஏட்டில் அந்த உரை இல்லை. ஆக, 'மறைத்தார்கள்' என்பதற்கு ஒரு பிடி கிடைக்கிறது. ஆனால் கிறிஸ்துமஸ் உரைகள் ஒளிபரப்பானதோடு 1980-இல் பிபிசி வெளியீடாகப் புத்தகமாகவும் வந்தன. ஜைரோஸ்கோப் அவற்றிலும் உண்டு. மறைக்க நினைத்தவர்கள் இப்படியா செய்வார்கள்?

மிஞ்சுவது சக்கரம் எடை குறைந்ததாகத் தோன்ற வைத்த அந்தச் செய்முறை. தண்டின் ஒரு முனையில் சக்கரம், மறுமுனையில் கை. சக்கரம் சும்மா இருந்தால் தண்டைக் கிடையாகப் பிடிக்கவே முடியாது; நுனியில் சுமை கட்டிய உலக்கையை மறுநுனியில் பிடிப்பது போல மணிக்கட்டு முறிந்துபோகும். சக்கரம் சுழன்றால், கீழே சாய்க்கும் திருப்புவிசை தண்டைக் கிடைமட்டமாக வட்டமிட வைக்கிறது. மணிக்கட்டு அந்தச் சாய்வை எதிர்க்க வேண்டியதில்லை. சுமை லேசாகத் தோன்றுகிறது. எடை உண்மையில் குறைந்ததா என்பதைக் கையின் உணர்வு சொல்லாது. அதற்குத் தராசு வேண்டும்.

அந்தத் தராசை நான் கண்டது 2014-இல் வந்த ஒரு காணொளியில். அறிவியல் காணொளிகள் தயாரிக்கும் டெரெக் முல்லர், சுழலும் 19 கிலோ சக்கரத்தோடு எடைக்கருவியில் ஏறி நின்று தூக்கினார். சக்கரம் தலைக்கு மேல் போனபோதும், தூக்கும் அசைவில் வந்த சிறு ஆட்டம் தவிர கருவி காட்டிய எடை மாறவில்லை. ஜைரோஸ்கோப் நியூட்டன் விதிகளுக்கு உட்பட்டதே என்று லெய்த்வெயிட்டும் பிற்பாடு ஒப்புக்கொண்டிருக்கிறார். கதை சொல்பவர்கள் விட்டுவிடும் செய்தி இதுதான்.

எனவே, மறைக்கப்பட்ட கண்டுபிடிப்பு எதுவும் இல்லை. அச்சேறாத பேருரை ஒன்று உண்டு, அவ்வளவே. கிறிஸ்துமஸ் உரைகளின் பதிவு இன்றும் பார்க்கக் கிடைக்கிறது. பார்க்கும்போது எது அளக்கப்பட்டது, எது கண்ணுக்கு மட்டும் தெரிந்தது என்று தனித்தனியே குறித்துக்கொள்ளுங்கள்.