ஒரே ஆவணம், இரண்டு வரலாறுகள்: கே. ராஜய்யனின் பாளையக்காரர் போர் ஆய்வும் மேற்குப் பாளையங்களின் சாட்சியமும்

ஸ்ரீவில்லிபுத்தூர் மடவார் வளாகத்து வைத்தியநாதசுவாமி கோயிலிலிருந்து தென்காசிச் சாலையைப் பிடித்தால் ராஜபாளையம், சேத்தூர், சிவகிரி, வாசுதேவநல்லூர் என ஊர்கள் வரிசையாக வரும். சேத்தூரும் சிவகிரியும் பாளையங்கள். வாசுதேவநல்லூரில் பூலித்தேவரின் கோட்டை இருந்தது. கும்பினியை (ஆங்கிலேயக் கிழக்கிந்தியக் கம்பெனியை) எதிர்த்து நின்றவர்களும் அதற்குக் கப்பம் கட்டியவர்களும் மலையடிவாரத்து இந்த ஒரே சாலையில் அடுத்தடுத்து வாழ்ந்தார்கள். வரலாற்றாசிரியர் கே. ராஜய்யனின் நூல்களை இந்தச் சாலையில் வைத்துச் சோதித்துப் பார்ப்பதே இக்கட்டுரையின் நோக்கம்.

1800-1801 கிளர்ச்சியை முதல் விடுதலைப் போர் என்று தலைப்பிலேயே அறிவித்த அவருடைய ஆங்கில நூல் 1971இல் வெளிவந்தது. அதற்கு 14 ஆண்டுகளுக்கு முன், 1857இன் நூற்றாண்டை ஒட்டி, எஸ்.என். சென்னும் ஆர்.சி. மஜும்தாரும் ஆளுக்கொரு நூல் எழுதியிருந்தனர். 1857 விடுதலைப் போரா, சிப்பாய்க் கலகமா என்பதுதான் அன்றைய வாதம். 1909இல் சாவர்க்கர் எழுப்பிய கேள்வியின் தொடர்ச்சி அது. அந்த வாதத்தில் தெற்குக்கு இடமே இருக்கவில்லை. ராஜய்யன் கேள்வியையே இடம் மாற்றினார். திண்டுக்கல்லில் கோபால நாயக்கர், சிவகங்கையில் மருது சகோதரர்கள், பாஞ்சாலங்குறிச்சியில் ஊமைத்துரை, மலபாரில் கேரள வர்மா, மைசூர்ப் பக்கம் தூந்தாஜி என்று தனித்தனிக் கலகங்களாகப் படித்துவந்தவற்றை ஒரே போரின் பல களங்களாகக் காட்டினார்.

அவருக்கு முன்பிருந்த வரலாறு எப்படிப்பட்டது? ராபர்ட் ஓர்ம் (1763, 1778), கால்டுவெல் (1881) ஆகியோரின் நூல்களில் பாளையக்காரர் பெரும்பாலும் வரி கொடுக்க மறுப்பவர். அண்டை நாட்டைக் கொள்ளையிடுபவர். அவர்மீது படை அனுப்புவது ஒழுங்கை நிலைநாட்டும் வேலை. ஆனால் இந்த நூல்களுக்கு அடியில் கிடக்கும் தளபதிகளின் கடிதங்கள் சொல்வது வேறு. 1755இல் கர்னல் ஹெரான் பூலித்தேவரின் நெற்கட்டுஞ்செவலைப் பிடிக்க முடியாமல் திரும்பி, பின்னர் ராணுவ விசாரணையில் பதவி இழந்தார். 1759இல் கும்பினித் தளபதி யூசுப்கானின் படை வாசுதேவநல்லூரில் பின்வாங்கியது. 1799 செப்டம்பர் 5 அன்று பாஞ்சாலங்குறிச்சியில் கும்பினியின் மேஜர் பானர்மேனின் முதல் தாக்குதல் தோற்றது. 1801 மார்ச் 31 அன்று அதே ஊரில், ஊமைத்துரை மீண்டும் எழுப்பிய மண்கோட்டையின் முன் மெக்காலேயின் படையும் தோற்றது. மே 24 அன்று கர்னல் அக்னியூ அதைப் பிடித்தார். வரி பாக்கிக்காரரிடம் இத்தனை முறை தோற்ற படை உண்டா? சென்னை ஆவணக் காப்பகத்தில் கும்பினியே விட்டுச்சென்ற அதே தாள்களிலிருந்து ராஜய்யன் எதிர்த்தரப்பின் திட்டத்தைப் படித்தெடுத்தார். 1961இல் வரலாற்றாசிரியர் ஃபிரிட்ஸ் பிஷர் ஜெர்மன் அரசின் சொந்த ஆவணங்களைக் கொண்டே முதல் உலகப் போருக்கான பொறுப்பு குறித்த ஜெர்மன் நம்பிக்கையை உடைத்ததும் இதே வழியில்தான்.

இந்த முறையின் பலவீனமும் இங்கேதான் இருக்கிறது. மாபெரும் கூட்டணி ஒன்று தனக்கெதிராக உருவானதாகக் கும்பினி எழுதிக்கொண்டதில் அதற்கு ஆதாயம் உண்டு. கிளர்ச்சி நடந்துகொண்டிருந்தபோதே, 1801 ஜூலை 31 அன்று, கர்நாடக நவாபின் நாட்டு நிர்வாகம் முழுவதும் ஒப்பந்தத்தின் மூலம் அதன் கைக்குப் போனது. நாட்டை எடுத்துக்கொள்பவனுக்கு ஆபத்து எவ்வளவு பெரிதாகத் தெரிகிறதோ அவ்வளவு நல்லது. கும்பினி அதிகாரிகள் சந்தேகப்பட்டு எழுதியவற்றைக் கிளர்ச்சியாளர்களின் திட்டமாகவே எடுத்துக்கொள்ளும் இடங்களில் ராஜய்யனோடு என்னால் போக முடியவில்லை.

அதனாலேயே 1801 ஜூன் 16 அன்று திருச்சிராப்பள்ளிக் கோட்டைச் சுவரிலும் ஸ்ரீரங்கத்திலும் ஒட்டப்பட்ட மருதுவின் அறிவிப்பு ஈடற்ற சான்றாகிறது. அது எதிரி எழுதிய ஆவணம் அல்ல; கிளர்ச்சியாளர்களின் சொந்தக் குரல். எல்லாச் சாதியாரையும் ஐரோப்பியருக்கு எதிராக ஆயுதம் எடுக்க அழைக்கும் அந்தக் குரலைப் பாக்கி வரித் தகராறு என்று சொல்ல எவராலும் முடியாது. ராஜய்யனின் வாதத்தில் மிக உறுதியான தூண் இதுவே.

இனி நம் சாலைக்கு வருவோம். 1799இல் பாஞ்சாலங்குறிச்சிக் கட்டபொம்மனின் அணியில் சேர மறுத்தது சிவகிரி. அதன்மேல் அவர் படையெடுக்க, தனக்குக் கப்பம் கட்டும் பாளையம் என்று கும்பினி அதைத் தன்மேல் விடுத்த சவாலாக எடுத்துக்கொண்டது. எட்டயபுரம் கும்பினிக்குத் துணை நின்றது. சாத்தூர்ப் பக்கத்து ஏழாயிரம்பண்ணையோ பாஞ்சாலங்குறிச்சியோடு நின்று பாளையத்தைப் பறிகொடுத்தது. கூட்டணிக்கான முயற்சி மெய் என்பதற்குச் சிவகிரிமேல் நடந்த படையெடுப்பே சான்று. யாருமே அழைக்காத கூட்டணியில் சேர யார் மறுக்க முடியும்? அந்தக் கூட்டணி தெற்கு முழுவதையும் தழுவவில்லை என்பதற்கும் அதே சிவகிரிதான் சான்று. மறுத்தவர்களைத் துரோகி என்ற ஒரு சொல்லில் அடைத்துவிட்டால் வரலாறு அங்கேயே நின்றுவிடும். பக்கத்துப் பாளையம் பெரிதாகிவிடும் என்ற அச்சம், எல்லைத் தகராறு, வாரிசுச் சண்டை ஆகியவையும் அவர்களை நகர்த்தின. ராஜய்யனின் நூலில் எதிர்த்தவர்களின் முகம் தெளிவாகத் தெரிகிற அளவுக்கு இவர்களின் முகம் தெரிவதில்லை.

‘முதல்’ என்ற சொல்தான் அவருடைய தலைப்பில் வலுக்குறைந்த சொல் என்று கருதுகிறேன். 1800இல்தான் போர் தொடங்கியது என்றால் 1755இல் நெற்கட்டுஞ்செவலில் நடந்ததற்கு என்ன பெயர்? பாளையக்காரர்களின் எழுச்சியையும் வீழ்ச்சியையும் பற்றிய தம் 1974ஆம் ஆண்டு நூலில் அந்த முந்தைய போர்களையும் சொல்பவர் அவரேதான். ‘போர்’ என்ற சொல்லை மட்டும் அவர் ஐயத்துக்கு இடமில்லாமல் நிறுவிவிட்டார். மறுத்தவர்களின் முகமும் தெரிய வேண்டுமானால், இந்தப் பக்கத்து வீடுகளில் பழைய ஓலைகளோ, பட்டயங்களோ, ஜமீன் கணக்குகளோ வைத்திருப்பவர்கள் அவற்றைக் கரையானுக்கு விடாமல் ஆவணக் காப்பகத்திடமோ பல்கலைக்கழகத்திடமோ காட்ட வேண்டும். மறுத்தவர்கள் ஏன் மறுத்தார்கள் என்பதைக் கும்பினியின் வாயால் மட்டுமே இன்றும் கேட்டுக்கொண்டிருக்கிறோம்.