அந்நியர்கள் வாழும் வீடு: ‘பிக் பாஸ்’, ‘டெரஸ் ஹவுஸ்’ நிகழ்ச்சிகளின் வரலாறு

முன்பின் அறிமுகம் இல்லாத சிலரை ஒரே வீட்டில் தங்கவைத்து, அவர்கள் பேசுவதையும் பழகுவதையும் படம்பிடித்து ஒளிபரப்புவது ரியாலிட்டி நிகழ்ச்சிகளில் ஒரு வகையாகும். தமிழில் இது ‘பிக் பாஸ்’ வாயிலாகப் பரவலாக அறியப்பட்டது. ஜப்பானில் இதே வகையைச் சேர்ந்த ‘டெரஸ் ஹவுஸ்’ புகழ்பெற்றிருந்தது. இவ்வகை நிகழ்ச்சிகளின் வரலாறு நெடுகிலும் ஒரு கேள்வி தொடர்ந்து வருகிறது. வெட்டித் தொகுத்த சில நிமிடக் காட்சிகளைக் கொண்டு ஒரு மனிதரை எடைபோட முடியுமா என்பதே அது.

தோற்றம்

1973ஆம் ஆண்டு அமெரிக்காவின் பொதுத் தொலைக்காட்சியில் ‘ஆன் அமெரிக்கன் ஃபேமிலி’ என்ற தொடர் ஒளிபரப்பானது. கலிபோர்னியாவில் வாழ்ந்த ஒரு குடும்பத்தைச் சுமார் 300 மணி நேரம் படம்பிடித்து, அதை 12 பகுதிகளாகச் சுருக்கினர். காட்சிகளைத் தேர்ந்தெடுத்த விதம் தங்களைத் தவறாகக் காட்டிவிட்டது என்று அக்குடும்பத்தினர் அப்போதே குறை கூறினர்.

1992இல் எம்.டி.வி. தொடங்கிய ‘தி ரியல் வேர்ல்டு’, ஒருவரையொருவர் அறியாத ஏழு இளைஞர்களை நியூயார்க்கில் ஒரே வீட்டில் குடியமர்த்தியது. 1999 செப்டம்பரில் நெதர்லாந்தில் ‘பிக் பிரதர்’ தொடங்கியது. இதை உருவாக்கியவர் ஜான் டி மோல். பெயர், ஜார்ஜ் ஆர்வெல் 1949இல் வெளியிட்ட ‘1984’ நாவலில் எல்லோரையும் கண்காணிக்கும் ஆட்சியாளனைக் குறிப்பது. வெளியுலகத் தொடர்பைத் துண்டித்தல், போட்டியாளர்களை ஒருவர்பின் ஒருவராக வெளியேற்றுதல், இறுதியில் பரிசு ஆகியவை இதன் விதிகள். அதுவரை பார்வையாளராக மட்டும் இருந்தவர் இதன் மூலம் தீர்ப்பு வழங்குபவராகவும் ஆனார்.

இந்தியாவில் இது ‘பிக் பாஸ்’ என்ற பெயரில் 2006 நவம்பரில் இந்தியில் தொடங்கியது. 2007இல் இங்கிலாந்தின் பிரபலங்கள் பங்கேற்ற ‘பிக் பிரதர்’ வீட்டில் நடிகை ஷில்பா ஷெட்டி இனவெறிப் பேச்சுக்கு ஆளானார். அது இரு நாடுகளிலும் பெரும் விவாதமானது. அந்தப் போட்டியில் அவரே வென்றார்.

தமிழில் பிக் பாஸ்

2017 ஜூன் 25 அன்று விஜய் தொலைக்காட்சியில், கமல்ஹாசன் தொகுத்து வழங்க, தமிழ் பிக் பாஸ் தொடங்கியது. சென்னையை அடுத்த செம்பரம்பாக்கம் ஈ.வி.பி. பிலிம் சிட்டியில் இதற்கென வீடு அமைக்கப்பட்டது. வீட்டிலிருப்போர் யாரை வெளியேற்றலாம் எனப் பெயர் குறிப்பிடுவர். அப்பட்டியலில் உள்ளவர்களுக்கு மக்கள் வாக்களிப்பர். வார இறுதியில் தொகுப்பாளர் வந்து உரையாடி, குறைந்த வாக்குப் பெற்றவரை வெளியே அழைப்பார்.

முதல் பருவத்தில் நடிகை ஓவியாவுக்குப் பெரும் ஆதரவு திரண்டது. ‘ஓவியா ஆர்மி’ என்ற சொல் அப்போது பிறந்தது. பின்னர் வந்த போட்டியாளர்கள் பலருக்கும் ‘ஆர்மி’ உருவானது. ஆகஸ்ட் தொடக்கத்தில் மன உளைச்சலுக்கு ஆளான ஓவியா வீட்டைவிட்டு வெளியேறினார். மறுபுறம், அவ்வாண்டு மெரினா ஜல்லிக்கட்டுப் போராட்டத்தில் அறியப்பட்ட செவிலியர் ஜூலியானா கடும் கேலிக்கு ஆளானார். வீட்டில் நடந்ததைப் பற்றி அவர் சொன்னது சரியா என்று காட்ட, பதிவான காட்சியைக் கமல்ஹாசன் மேடையில் திரையிட்டார். ‘குறும்படம்’ என அழைக்கப்பட்ட இவ்வழக்கம், அன்றாடப் பேச்சிலும் ‘குறும்படம் போடு’ என்று புகுந்துவிட்டது. முதல் பருவத்தில் ஆரவ் வென்றார்.

2019இல் நடந்த மூன்றாம் பருவத்தில் இலங்கையிலிருந்து லொஸ்லியா, தர்ஷன் ஆகியோரும் மலேசியாவிலிருந்து முகேன் ராவும் பங்கேற்றனர். முகேன் வென்றார். 2022இல் தொடங்கிய ஆறாம் பருவம் முதல் வீட்டின் காட்சிகள் இணையத்தில் 24 மணி நேரமும் நேரலையாக வந்தன. ஆயினும் பெரும்பாலோர் பார்ப்பது இரவில் வரும் தொகுப்பையே. 2024இல் எட்டாம் பருவத்திலிருந்து விஜய் சேதுபதி தொகுப்பாளரானார்.

டெரஸ் ஹவுஸ்

ஜப்பானின் ஃபியூஜி தொலைக்காட்சியில் 2012இல் தொடங்கிய ‘டெரஸ் ஹவுஸ்’ இதிலிருந்து வேறுபட்டது. மூன்று ஆண்களும் மூன்று பெண்களும் ஓர் அழகிய வீட்டில் தங்குவர். போட்டியோ பரிசோ வாக்கெடுப்போ இல்லை. காலையில் வேலைக்குப் போய் மாலையில் திரும்பலாம். விரும்பியபோது வீட்டைவிட்டு விலகலாம். அரங்கிலிருந்து சிலர் அக்காட்சிகளைப் பார்த்துக் கருத்துச் சொல்வர். 2015 முதல் நெட்ஃபிளிக்ஸ் வழியாகவும் வெளியானது. இரைச்சலற்ற, மென்மையான நிகழ்ச்சி என்று உலகெங்கும் பாராட்டப்பட்டது.

இதில் பங்கேற்ற ஹனா கிமுரா தொழில்முறை மல்யுத்த வீராங்கனை. அவருடைய மல்யுத்த உடையை உடன் தங்கியிருந்தவர் கவனக்குறைவாகத் துவைத்து உலர்த்த, அது சுருங்கிப் பாழானது. ஹனா கோபித்து அவரது தொப்பியைத் தட்டிவிட்டார். 2020இல் அக்காட்சி வெளியானதும் சமூக ஊடகங்களில் வசைகள் குவிந்தன. மே 23 அன்று ஹனா தம் உயிரை மாய்த்துக்கொண்டார். அவருக்கு வயது 22. நிகழ்ச்சி அத்துடன் நிறுத்தப்பட்டது.

வசைபாடியவர்களில் ஒருவருக்கு 2021இல் நீதிமன்றம் விதித்த அபராதம் 9,000 யென் மட்டுமே. ஹனாவின் தாயார் கியோகோ கிமுரா சட்டத்தைக் கடுமையாக்கக் கோரினார். 2022 ஜூலையில் நடைமுறைக்கு வந்த திருத்தத்தின்படி, அவமதிப்புக் குற்றத்துக்கு ஓராண்டு வரை சிறை அல்லது 3 லட்சம் யென் வரை அபராதம் விதிக்கலாம்.

வேடமும் பெயரும்

செஞ்சி, அவலூர்பேட்டை வட்டாரத்தில் திரௌபதி அம்மன் திருவிழாவின்போது பாரதக் கூத்து விடிய விடிய நடக்கும். துகில் உரியும் இடத்தில் துரியோதனனையும் துச்சாதனனையும் மக்கள் மனம் பொறாமல் திட்டுவதுண்டு. இறுதியில் படுகளத்தில் மண்ணால் செய்த துரியோதனன் உருவம் வீழ்த்தப்படும். ஊரின் கோபமும் அம்மண்ணோடு போய்விடும். அரிதாரத்தைக் கலைத்த கலைஞரை மறுநாள் யாரும் துரியோதனனாகப் பார்ப்பதில்லை.

பிக் பாஸ் வீட்டிலும் டெரஸ் ஹவுஸிலும் இருப்பவருக்குக் கலைக்க வேடம் இல்லை. அவர் தம் சொந்தப் பெயரோடு வருகிறார், அதே பெயரோடு வெளியே போகிறார். பல நாள் வாழ்விலிருந்து பிரித்தெடுத்த ஒரு கோபம் அல்லது ஒரு பொய், அவருடைய முழுக் குணமாகப் பதிந்துவிடுகிறது. வாக்கெடுப்பே இல்லாத ஜப்பானிய வீட்டிலும் இது நடந்தது. ஆகவே குறை விதிகளோடு முடிவதில்லை. காட்சியைத் தொகுப்பவர் எதை விட்டார் என்பதையும், திட்டு போய்ச் சேருமிடம் பாத்திரம் அன்று, ஓர் ஆள் என்பதையும் பார்ப்பவர் நினைவில் கொள்ள வேண்டியிருக்கிறது.