அகழாய்வுக் குழியில் ஒரு கொலை

இன்றைக்கு நேராகக் கொலையில் இருந்தே ஆரம்பிக்கலாம். இராக்கில் ஒரு தொல்லியல் முகாம். முகாம் தலைவரின் மனைவி தன் அறையிலேயே தலையில் அடிபட்டுச் செத்துக் கிடக்கிறார். வெளியாள் யாரும் உள்ளே வரவில்லை. அகதா கிறிஸ்டி 1936இல் வெளியிட்ட ‘மர்டர் இன் மெசபொடேமியா’ நாவல் இது. கொலையாளி யார் என்று சொல்ல மாட்டேன், பயப்படாதீர்கள். நமக்கு வேண்டியது செத்தவர் யார் என்பதுதான்.

அந்தப் பாத்திரத்தில் கேத்தரின் வூலி என்ற நிஜப் பெண்ணின் சாயல் இருக்கிறது என்று பலரும் சொல்வார்கள். 1920களில் லியோனார்டு வூலி தலைமையில் தெற்கு இராக்கில் ஒரு பழைய நகரத்தைத் தோண்டினார்கள். நகரத்தின் பேரே ‘ஊர்’தான். எந்த ஊர் என்று கேட்டால் ஊர் என்றே சொல்ல வேண்டும்! அங்கே ஓவியம் வரைந்து கொடுக்கும் வேலையில் இருந்தவர் கேத்தரின். கணவனை இழந்தவர். ஆண்கள் நிறைந்த முகாமில் தனியாக ஒரு பெண் இருப்பது, பணம் கொடுத்தவர்களுக்கு உறுத்தலாக இருந்தது. கடைசியில் 1927இல் அவரும் லியோனார்டும் கல்யாணம் செய்துகொண்டார்கள். வேலை தெரிந்தால் போதாது, யாருக்காவது மனைவியாக இருந்தால்தான் அங்கே இருக்கலாம். கொஞ்சம் யோசித்துப் பாருங்கள்.

கிறிஸ்டியும் அதே வாசல் வழியாகத்தான் முகாமுக்குள் போனார். 1928இல் விவாகரத்து முடிந்து, தனியாக ரயிலேறி பாக்தாத் போய், ஊரைப் பார்த்தார். 1930இல் மறுபடி போனபோது வூலியின் உதவியாளர் மேக்ஸ் மேலோவனைச் சந்தித்து, அந்த வருஷமே கல்யாணம். அதன்பிறகு பல வருஷம் கணவரின் அகழாய்வுகளுக்குக் கூடவே போனார். போட்டோ எடுத்தார், உடைந்த பானை ஓடுகளைச் சுத்தம் செய்தார். நிம்ருதில் கிடைத்த தந்தச் சிற்பங்களின் இடுக்கில் இருந்த மண்ணை முகத்துக்குப் போடும் கிரீம் வைத்து எடுத்தார். ‘டெத் ஆன் தி நைல்’ நாவலில் பாய்ரோ, தன் துப்பறியும் முறையையே அகழாய்வோடு ஒப்பிடுவார். சுற்றியிருக்கும் மண்ணை விலக்கினால் பொருள் தெரியும் என்ற கணக்கு. பழைய கோடில் பக் தேடியவர்களுக்கு இது உடனே புரியும்: எந்த வரி எப்போது வந்தது, அதன் மேல் யார் என்ன எழுதினார்கள் என்று அடுக்கடுக்காகக் கீழே இறங்க வேண்டும்.

அமெரிக்காவில் பார்பரா மெர்ட்ஸ். 1952இல் சிகாகோ பல்கலைக்கழகத்தில் எகிப்தியலில் முனைவர் பட்டம் வாங்கினார். பல்கலைக்கழக வேலை அமையவில்லை. பிறகு எலிசபெத் பீட்டர்ஸ் என்ற பெயரில் 1975இல் அமிலியா பீபாடி கதைகளை ஆரம்பித்தார். 1880களின் எகிப்து, கையில் குடையோடு ஒரு பெண், குழிக்குக் குழி மர்மம். நிஜத்தில் கிடைக்காத அகழாய்வைக் கதையில் நடத்திக் காட்டினார் என்றுதான் எனக்குத் தோன்றுகிறது.

அப்படியே நம்ம பக்கம் வருவோம். கிறிஸ்டியின் முதல் நாவல் வந்தது 1920. அஞ்சே வருஷத்தில், 1925இல், திருவல்லிக்கேணியில் இருந்து ‘வைதேகி’ என்ற நாவல் தொடராக வர ஆரம்பிக்கிறது. எழுதியவர் வை.மு. கோதைநாயகி. 1901இல் பிறந்தவர். ஆறு வயசு முடிவதற்குள் கல்யாணம். பள்ளிக்கூடம் போனதில்லை. கதை சொல்ல வரும், எழுத வராது. முதலில் அவர் செய்த ‘இந்திர மோகனா’ நாடகத்தை அவர் வாயால் சொல்லச் சொல்ல, தோழி பட்டம்மாள் எழுதிக் கொடுத்தார். அதாவது அவருடைய இலக்கிய வாழ்க்கை ஆரம்பித்ததே ஆடியோவில்தான். பாட்காஸ்ட் பண்ணுகிற எனக்கு இந்த விவரம் ரொம்பப் பிடிக்கும்.

அப்போது தமிழில் துப்பறியும் கதை என்றால் ஆரணி குப்புசாமி முதலியார், வடுவூர் துரைசாமி ஐயங்கார், ஜே.ஆர். ரங்கராஜு. எல்லாம் ஆண்கள். அந்தக் கூட்டத்துக்குள் நுழைந்த கோதைநாயகி, நின்று போயிருந்த ‘ஜகன்மோகினி’ பத்திரிகையை வாங்கிச் சுமார் 35 வருஷம் நடத்தினார். நடுவில் 1932இல் மறியல் செய்து சிறைக்கும் போனார். மொத்தம் 115 நாவல்கள். இலக்கிய வரலாற்றுப் புத்தகங்கள் அவரைப் பெரும்பாலும் ஒரு பத்தியில் முடித்துவிடுகின்றன. 115க்கு ஒரு பத்தி என்பது அநியாயம்.

அவர் கதைகளில் வீடு உண்டு, சொத்து உண்டு, காணாமல் போனவர்கள் உண்டு. கிறிஸ்டி மாதிரி அகழாய்வு முகாமுக்குள் போக அவருக்கு வழியே இல்லை. இத்தனைக்கும் தோண்ட வேண்டிய இடம் பக்கத்திலேயே இருந்தது. அம்பத்தூரில் இருந்து சி.டி.எச். ரோட்டைப் பிடித்து ஆவடி, திருநின்றவூர், திருவள்ளூர் தாண்டினால் பூண்டி. அங்கே தொல்பழங்கால அருங்காட்சியகம் இருக்கிறது. இன்னும் கொஞ்சம் போனால் கொசஸ்தலை ஆற்றுப் பக்கம் அத்திரம்பாக்கம். ராபர்ட் புரூஸ் ஃபூட் 1863லேயே அங்கே கற்கருவிகளைக் கண்டுபிடித்துவிட்டார்.

1999இல் அங்கே மறுபடி அகழாய்வைத் தொடங்கி நடத்தியவர் சாந்தி பப்பு. யாருக்கும் மனைவியாகக் கூடப் போனவர் இல்லை, அகழாய்வின் தலைவர். 2011இல் வந்த முடிவு: அங்கே கிடைத்த கைக்கோடரிகளின் வயது சுமார் 15 லட்சம் வருஷம். 2018இல் இன்னொன்று: ஆப்பிரிக்காவில் இருந்து பின்னால் வந்த மனிதர்கள் கொண்டு வந்தது என்று பலர் நினைத்திருந்த கருவி செய்யும் முறை, அத்திரம்பாக்கத்தில் 3,85,000 வருஷத்துக்கு முன்பே இருந்திருக்கிறது. யார் செய்தார்கள்? மனித எலும்பு அங்கே கிடைக்கவில்லை. ஆயுதம் இருக்கிறது, ஆள் இல்லை! இதைவிட நல்ல மர்மக் கதைக்கு வேறென்ன வேண்டும்?

கூழாங்கல் மேடும் சிவந்த மண்ணும், குழிக்குள் இறங்கி மில்லிமீட்டர் கணக்கில் சுரண்டுகிற ஆட்களும், சாயங்காலம் பூண்டி ஏரிப் பக்கம் இருந்து வருகிற காற்றும் இருக்கிற ஒரு தமிழ் நாவலைத் தேடிக்கொண்டே இருக்கிறேன். எழுதியவர் பெண்ணாக இருந்தால் இரட்டைச் சந்தோஷம்.

கோதைநாயகி இறந்தது 1960இல். நம் சட்டப்படி 60 வருஷம் கழித்து, 2020 முடிவோடு அவர் எழுத்துகளின் பதிப்புரிமை முடிந்துவிட்டது. யார் வேண்டுமானாலும் தட்டச்சு செய்யலாம், மின்னூல் ஆக்கலாம், சத்தமாகப் படிக்கலாம். அதனால் அடுத்த எபிசோடில் ‘வைதேகி’யின் முதல் அத்தியாயத்தை வாசிக்கப் போகிறேன். உங்கள் பாட்டி வீட்டுப் பரணில் பழைய ‘ஜகன்மோகினி’ இருந்தால், எடைக்குப் போடுவதற்கு முன்னால் ஒரு மெசேஜ் போடுங்கள். ஆவடியோ பூந்தமல்லியோ, நானே பைக்கில் வந்து ஸ்கேன் பண்ணிக்கொள்கிறேன்.