சைக்கிள் டைனமோவில் வானொலி பேசியது எப்படி?

1990 ஜூனில் இரண்டாம் கட்ட ஈழப்போர் மூண்ட பின்னர் யாழ்ப்பாணக் குடாநாடு இருளில் மூழ்கியது. பற்றரிகளும் பொருளாதாரத் தடைப் பட்டியலில் இருந்தன. ஆனாலும் பி.பி.சி. தமிழோசையையும் வெரித்தாஸ் வானொலியையும் சனம் கேட்டுக்கொண்டுதான் இருந்தது. சைக்கிளைக் கவிழ்த்து வைத்து ஒருவர் கையால் பெடலைச் சுற்ற, மற்றவர்கள் வானொலியைச் சூழக் குந்தியிருந்த காட்சியை அந்தத் தலைமுறை மறந்திருக்காது. சுற்றிய பிள்ளைகள் பலருக்குத் தாங்கள் செய்வது லக்சபானா செய்யும் அதே வேலை என்பது தெரிந்திருக்காது.

டைனமோவின் உள்ளே இருப்பது ஒரு நிலைக்காந்தமும் அதைச் சூழச் சுற்றிய செப்புக்கம்பிச் சுருளும் மட்டுமே. காந்தம் சுழலும்போது சுருளினூடாகச் செல்லும் காந்தப்புலம் மாறிக்கொண்டே இருக்கும். அந்த மாற்றமே கம்பியில் மின்னைத் தூண்டுகிறது. 1831 இல் மைக்கேல் பரடே கண்டறிந்த மின்காந்தத் தூண்டல் இதுதான். லக்சபானாவில் காந்தத்தைச் சுழற்றுவது நீர். எங்கள் முற்றத்தில் அது ஒரு பிள்ளையின் கை.

காந்தம் வேகமாகச் சுழல வேண்டும். கையால் அவ்வளவு வேகமாகச் சுற்ற முடியாது. அதைச் சைக்கிளே செய்து கொடுத்தது. பெடலை ஒருமுறை சுற்றினால், பெரிய பற்சில்லும் சின்னப் பற்சில்லும் சேர்ந்து பின்சில்லை இரண்டு தடவைக்கு மேல் சுற்றும். அந்தப் பெரிய ரயரில் உரசி ஓடும் டைனமோவின் தலையோ இரண்டு சென்ரிமீற்றர் அளவுதான். சில்லு ஒருமுறை சுற்ற அது ஏறத்தாழ முப்பது முறை சுற்றும். ஆக, பெடலின் ஒரு சுற்றுக்குக் காந்தம் அறுபது தடவைக்கு மேல் சுற்றிவிடும்.

இனித்தான் சிக்கல். டைனமோ தருவது திசை மாறி மாறி ஓடும் ஆடலோட்டம். மின்குமிழுக்கு அது போதும். நான்கு பற்றரி, அதாவது 6 வோல்ற்று கேட்கும் வானொலிக்கு நேரோட்டம் வேண்டும். அதற்குத்தான் இருவாயி. மின்னை ஒரு பக்கமாக மட்டும் விடும் ஒருவழிக் கதவு அது. நான்கு இருவாயிகளைப் பாலம்போல் இணைத்தால் எந்தத் திசையில் வரும் மின்னும் ஒரே திசையில் வெளியேறும். அப்படியும் அது விட்டுவிட்டுத்தான் வரும், வானொலி இரையும். ஒரு கொள்ளளவியைச் சேர்த்தால் அது மின்னைச் சிறிது பிடித்துவைத்து இடைவெளியை நிரப்பும். பழைய வானொலிகளைக் கழற்றி இவற்றை எடுத்துப் பொருத்தத் தெரிந்தவருக்கு அன்று ஊரில் தனி மதிப்பு.

ஆர்வக்கோளாறில் வேகமாகச் சுற்றுவதும் ஆபத்து. டைனமோ 6 வோல்ற்று, 3 வாற்று எனக் கணக்கிட்டது முழுச் சுமையோடு ஓடும்போதுதான். வானொலிக்கு ஒரு வாற்றுக்கும் குறைவாகவே போதும். சுமை குறைந்தால் அழுத்தம் 6 இல் நிற்காது, எகிறும், வானொலி கருகும். சைக்கிளின் மின்குமிழைக் கழற்றாமல் வானொலிக்குச் சமாந்தரமாக எரியவிட்டால் மிகையான மின்னை அது வாங்கிக்கொள்ளும். முற்றத்துக்கு வெளிச்சமும் கிடைக்கும்.

மின்குமிழைப் பொருத்தியதும் பெடல் கனக்கும். கம்பியில் ஓடும் மின் தானும் ஒரு காந்தப்புலத்தை உண்டாக்கி, சுழலும் காந்தத்தை எதிர்த்துத் தள்ளுவதே காரணம். சக்தி சும்மா வருவதில்லை. எரியும் ஒவ்வொரு வாற்றையும் கை கொடுத்தாக வேண்டும். ஆனாலும் உராய்வில் வீணாவதைச் சேர்த்தாலும் இது சிறிய அளவுதான், பத்து வயதுப் பிள்ளைக்கும் முடியும். களைப்பைத் தந்தது கனம் அல்ல, நிறுத்த முடியாமை. பற்றரிபோல டைனமோ எதையும் சேமித்து வைக்காது. கொள்ளளவி தாங்குவதும் கண்ணிமைக்கும் நேரமே. எந்த ஊரில் குண்டு விழுந்தது என்று செய்தியாளர் சொல்லும் நேரம் பார்த்துக் கை ஓய்ந்தால் ஊரின் பெயர் போய்விடும். பிறகு நாளை இரவு வரை காத்திருக்க வேண்டும்.