மரங்களுக்கா, மனிதர்களுக்கா?

பால்மரங்களை நிரை நிரையாக எண்ணிப் பழகியவர்கள் நாம். சட்டமன்றத் தொகுதி வகுக்கும்போது எண்ண வேண்டியது எதை?

அமெரிக்காவின் அலபாமா மாநிலத்தில் இக்கேள்வி நீதிமன்றம் ஏறியது. பத்தாண்டுக்கு ஒருமுறை தொகுதிகளைத் திருத்தி அமைக்க வேண்டுமென அம்மாநில அரசியல் சட்டமே விதித்திருந்தது. ஆயினும் 1900ஆம் ஆண்டுக் கணக்கெடுப்பின்படி வகுத்த தொகுதிகளே 60 ஆண்டுகளுக்குப் பின்னும் நீடித்தன. 6 லட்சத்துக்கும் அதிகமானோர் வாழ்ந்த ஜெபர்சன் மாவட்டத்துக்கு மேலவையில் ஓர் உறுப்பினர். 15,417 பேர் வாழ்ந்த லவுண்ட்ஸ் மாவட்டத்துக்கும் ஓர் உறுப்பினர்! திருத்த வேண்டியவர்களோ பழைய பிரிவினையால் பதவி பெற்றவர்கள். ஆகவே வாக்காளர்கள் வழக்குத் தொடுத்தனர்.

1964 ஜூன் 15இல் உச்ச நீதிமன்றம் தீர்ப்பளித்தது. சட்டமன்ற உறுப்பினர்கள் மனிதர்களின் பிரதிநிதிகள், மரங்களுக்கோ ஏக்கர்களுக்கோ அல்லர் என்றார் தலைமை நீதிபதி ஏர்ல் வாரன். இரு அவைகளுக்கும் மக்கள் தொகையே அளவுகோலாயிற்று.

எழுதி வைத்த சட்டம் தானாக நடப்பதில்லை; கேட்பவர் வேண்டும். இதை நாம் மறவாதிருப்போம்.