அரியணைக்குக் கீழே ஒரு குடும்பம்

வரலாற்று நூல்கள் பெரும்பாலும் அரசர்களின் பெயர்களாலேயே நிரம்பியிருக்கின்றன. யார் முடி சூடினார், யார் முடி இழந்தார் என்பதை அவை விரிவாகக் கூறும். அந்த முடிக்காக இருவர் மோதிய வேளையில் இடையில் அகப்பட்ட சிறிய பிரபுக் குடும்பம் என்ன பாடுபட்டது என்ற வினாவுக்கு அவற்றில் அரிதாகவே விடை கிடைக்கும். அந்த வினாவை ஒரு கற்பனைக் கதையின் கணினி விளையாட்டு எழுப்பியிருக்கிறது என்பது எனக்கு வியப்பளித்த விடயம்.

அமெரிக்க எழுத்தாளர் ஜோர்ஜ் ஆர். ஆர். மார்ட்டினின் ‘கேம் ஒஃப் த்ரோன்ஸ்’ நாவல் 1996ஆம் ஆண்டில் வெளியானது. 2011 முதல் 2019 வரை அது தொலைக்காட்சித் தொடராக உலகெங்கும் பார்க்கப்பட்டது. அதனைத் தழுவிய விளையாட்டுக்களில் ஒன்றைக் கலிபோர்னியாவின் டெல்டேல் நிறுவனம் 2014 டிசெம்பர் தொடக்கம் 2015 நவம்பர் வரை ஆறு பாகங்களாக வெளியிட்டது. அந்த நிறுவனம் வாசகர்கள் நன்கறிந்த ஸ்டார்க், லனிஸ்டர் குடும்பங்களை விளையாடுவோரின் கையில் கொடுக்கவில்லை. நாவல் வரிசையின் ஐந்தாம் நூலில் பெயரளவில் வந்துபோகும் ஃபொரஸ்டர் என்ற சிறிய குடும்பத்தைக் கொடுத்தது.

இக்குடும்பம் வடபுலத்துக் காட்டின் நடுவே, இரும்பு மரம் எனப்படும் உறுதியான மரத்தை வெட்டி விற்று வாழ்கிறது. ஸ்டார்க்குகளின் கீழ் குளோவர் குடும்பமும், அதன்கீழ் இதுவுமாக, அதிகாரப் படிக்கட்டின் அடியில் இது நிற்கிறது. கதையின் தொடக்கத்திலேயே ஒரு திருமண விருந்தில் ஸ்டார்க் தலைவரும் அவருடைய படையினரும் வஞ்சகமாகக் கொல்லப்படுகின்றனர்; ஃபொரஸ்டர் குடும்பத் தலைவரும் அவர்களுடன் மாள்கிறார். பதின்ம வயது மகன் ஈதன் பொறுப்பேற்கிறான். புதிய ஆட்சியாளரின் மகன் படையுடன் வருகிறான். அவனை வாயிலில் வரவேற்பதா, மண்டபத்தில் காத்திருப்பதா? பணிவதா, எதிர்த்துப் பேசுவதா? ஒவ்வொரு முடிவையும் விளையாடுபவரே எடுக்கிறார். எந்த முடிவை எடுத்தாலும் முதற்பாகத்தின் இறுதியில் ஈதன் குத்திக் கொல்லப்படுகிறான்.

விளையாடியோர் பலர் இதைக் குறையாகக் கூறினர். “எதைத் தெரிந்தாலும் முடிவு மாறாதெனில் தெரிவு எதற்கு?” என்பது அவர்களது வாதம். வரலாற்றைப் படித்தவர்கள் இதை வேறு கண்கொண்டு பார்க்க இடமுண்டு. சிறிய குடும்பங்களின் நிலை பெரும்பாலும் இதுவாகவே இருந்தது. முடிவெடுக்கும் பொறுப்பு அவர்களிடம் இருந்தது. விளைவைத் தீர்மானிக்கும் பலம் வேறிடத்தில் இருந்தது.

மார்ட்டின் தமது கதைக்குப் பதினைந்தாம் நூற்றாண்டு இங்கிலாந்தின் ரோஜாப் போர்களிலிருந்து கருப்பொருள் பெற்றார் என்பதை அவரே கூறியிருக்கிறார். யோர்க் குடும்பமும் லங்காஸ்டர் குடும்பமும் 1455இல் தொடங்கி முப்பது ஆண்டுகளுக்கு மேலாக முடிக்காக மோதின. 1460 டிசெம்பரில் வேக்ஃபீல்டில் யோர்க் கோமகனும் அவருடைய பதினேழு வயது மகன் எட்மண்டும் மாண்டனர். கோமகனின் தலை, கடதாசி முடியுடன் யோர்க் நகர வாயிலில் வைக்கப்பட்டது. இவை எல்லா நூல்களிலும் உள்ளன. அதே காலத்து ஃபொரஸ்டர்கள் யார் என்று தேடுபவருக்கு நோர்ஃபோக் பகுதியின் பாஸ்டன் குடும்பம் அகப்படும்.

பாஸ்டன்களை அறிய முடிவதற்குக் காரணம், அவர்கள் தங்கள் கடிதங்களைப் பாதுகாத்து வைத்தமையே. இக்குடும்பத்தின் மூதாதையான கிளமெண்ட் பாஸ்டன் ஏர் பிடித்த உழவர், 1419இல் இறந்தார். அவருடைய மகன் வில்லியம் சட்டம் படித்து நீதிபதியானார். அடுத்த தலைமுறை உயர்குடியாக வாழ முற்பட்டபோது, இவர்கள் பண்ணையடிமைகளின் வழிவந்தோர் எனப் பகைவர் குற்றஞ்சாட்டினர். பாஸ்டன்களோ நோர்மானிய வம்சத் தொடர்பு காட்டும் வம்சாவளி ஒன்றை முன்வைத்தனர். 1466இல் நான்காம் எட்வர்ட் மன்னர் அவர்களை உயர்குடியினர் என ஏற்றுக்கொண்டார். இன்று ஒருவர் திரையின் முன் அமர்ந்து பிரபுக் குடும்பமாக விளையாடுகிறார். பாஸ்டன்கள் தங்கள் வாழ்நாளெல்லாம் அதையே செய்தனர். தோற்றால் நிலமும் மானமும் போய்விடும் என்பதே வேறுபாடு.

1448இல் மொலெய்ன்ஸ் பிரபு இவர்களது கிரெஷம் பண்ணையைக் கைப்பற்றினார். அவ்வேளையில் மார்கரெட் பாஸ்டன் இலண்டனிலிருந்த கணவர் ஜோனுக்கு எழுதிய கடிதத்தில் குறுக்குவில்களும் அம்புகளும் வாங்கி அனுப்பும்படி கேட்கிறார். அதே கடிதத்தில் ஓர் இறாத்தல் பாதாம் பருப்பும் ஓர் இறாத்தல் சீனியும் கேட்கிறார். போர் ஒரு வீட்டினுள் எவ்வாறு நுழைகிறது என்பதற்கு இதைவிடத் தெளிவான சான்றை நான் கண்டதில்லை.

அவர்களது பெரிய சோதனை கெய்ஸ்டர் கோட்டையால் வந்தது. சேர் ஜோன் ஃபாஸ்டொல்ஃப் 1459இல் இறந்தபோது அது பாஸ்டன்களுக்கு உரியதாயிற்று. உயில் தொடர்பான வழக்கு ஆண்டுக்கணக்கில் இழுபட்டது. 1469 கோடையில் எட்வர்ட் மன்னர் வோரிக் பிரபுவின் பிடியில் சிக்கியிருந்தார். தட்டிக்கேட்க எவருமில்லாத அந்த இடைவெளியில் நோர்ஃபோக் கோமகன் பெரும்படையுடன் கெய்ஸ்டரை முற்றுகையிட்டார். உள்ளே இருந்தவர்கள் ஏறத்தாழ முப்பது பேர். இளைய மகன் கோட்டைக்குள் போராட, மூத்த மகன் இலண்டனில் இருந்தார். தம்பிக்கு உணவும் வெடிமருந்தும் தீர்ந்துவிட்டன, உடனே உதவி செய் என மார்கரெட் மூத்தவருக்குக் கடிந்து எழுதினார். உதவி வரவில்லை. செப்டெம்பர் இறுதியில் கோட்டை வீழ்ந்தது.

பிரபுக் குடும்பத்தை விளையாடும் இன்னொரு முறையும் உண்டு. சுவீடனின் பரடொக்ஸ் நிறுவனம் 2012இல் வெளியிட்ட ‘குருசேடர் கிங்ஸ் 2’ விளையாட்டை, மார்ட்டினின் உலகத்துக்கு ஏற்ப ஆர்வலர்கள் அதே ஆண்டிலேயே மாற்றியமைத்தனர். இதில் தலைவர் இறந்தால் வாரிசாகத் தொடரலாம். ஆட்சி செய்ய வாரிசு இல்லையெனில் ஆட்டம் முடிந்தது. பிள்ளைகளின் திருமணம் இங்கே கூட்டணி சேர்க்கும் கருவி. ஒரு பொத்தானை அழுத்தினால் மகளை மணமுடித்துக் கொடுத்துவிடலாம்.

அந்தப் பொத்தானுக்குப் பின்னால் இருப்பதைப் பாஸ்டன் கடிதங்கள் காட்டுகின்றன. 1449இல் எலிசபெத் பாஸ்டனை, ஐம்பது வயதை அண்மித்த, நோயால் முகம் சிதைந்த ஒருவருக்கு மணமுடிக்க முயன்றனர். அவளுடைய தலை இரண்டு மூன்று இடங்களில் உடையும் அளவுக்குத் தாய் அடித்ததாக உறவினர் ஒருவர் எழுதியுள்ளார். 1469இல் மார்ஜரி பாஸ்டன் குடும்பத்தின் காரியஸ்தர் ரிச்சர்ட் கல்லை இரகசியமாக மணந்தாள். ஆயரின் விசாரணையிலும் அவள் தன் வாக்கை மாற்றவில்லை. தாய் மார்கரெட் வீட்டுக் கதவை அவளுக்கு மூடிவிட்டார். குறுக்குவில் கேட்டெழுதிய அதே மார்கரெட்தான்.

டெல்டேல் விளையாட்டில் பன்றி வளர்ப்பவரின் மகனான கரெட் என்ற பாத்திரம் உண்டு. பிரபுவின் போரில் அவனது தந்தையும் தங்கையும் கொல்லப்படுகின்றனர். படிக்கட்டின் அடியிலும் அடியில் இருப்போரை நினைவூட்ட அவனாவது இருக்கிறான். பாஸ்டன் நிலத்தை உழுதவர்களோ கடிதம் எழுதவில்லை. இருமுறை குத்தகை கேட்கப்பட்டவர்கள், மாடுகளை இழந்தவர்கள் என்று எசமானர்களின் கடிதங்களிலேயே வந்து போகின்றனர். போர்க்காலத்தில் செய்தி எழுதியவன் என்ற வகையில் இது என்னை உறுத்துகிறது. நாங்களும் தலைவர்களின் பெயர்களையே தலைப்பில் இட்டோம். வீடுகளை இலக்கங்களாகவே எழுதினோம்.

இனி முடிவுகளைப் பார்ப்போம். 1471இல் பார்னெட் போரில் பாஸ்டன் சகோதரர்கள் தோற்ற பக்கத்தில் நின்றனர். இளையவர் அம்புபட்டுக் காயமுற்றார். ஆயினும் இருவரும் மன்னிப்புப் பெற்றுத் தப்பினர். 1476 ஜனவரியில் நோர்ஃபோக் கோமகன் ஆண் வாரிசின்றி இறக்க, அவ்வாண்டிலேயே கெய்ஸ்டர் அவர்களிடம் மீண்டது. கோமகனின் ஒரே மகள் ஆன், ஐந்து வயதில் மன்னரின் இளைய மகனுக்கு மணமுடிக்கப்பட்டு, 1481இல் எட்டு வயதில் இறந்தாள். அவளை மணந்த சிறுவன் 1483இல் இலண்டன் கோபுரத்தில் காணாமற்போன இரு இளவரசர்களில் ஒருவன்.

உழவரின் வழிவந்த பாஸ்டன்களோ 1679இல் யார்மத் பிரபுப் பட்டம் வரை உயர்ந்தனர். 1732இல் அந்தப் பட்டமும் வாரிசின்றி முடிவுற்றது. சொத்துக்கள் கடனில் மூழ்கியிருந்தன. எஞ்சியவை அந்தப் பழைய கடதாசிக் கட்டுக்களே. அவை கைமாறிச் சென்று 1787இல் முதன்முறையாக நூலாயின. இன்று பெரும்பாலானவை பிரித்தானிய நூலகத்தில் உள்ளன. ஓர் இறாத்தல் சீனி கேட்ட கடிதமும் அவற்றோடு தப்பியிருக்கிறது.